மாசத் தவணையோட மொத்தத்தையும் சேத்துப் போடுங்க சார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

போன ஞாயித்துக்கிழமை உங்க பேப்பரோட வந்த வீடு மனை இணைப்புல ஒரு அட்டவணை போட்ருந்தீங்க, 10 லட்சம் வாங்குனா மாசம் இவ்வளவு, 15 லட்சத்துக்கு இவ்வளவு, 20 வருசம்னா இவ்வளவு, 30 வருசம்னா இன்னும் கம்மின்னு. எங்க அக்கா மகன் அத கத்தரிச்சு சட்டைப் பையில வச்சுக்கிட்டு நேரா நான் வேல பாக்குற ஐஸ் கம்பெனிக்கே வந்துட்டான். "மாமா, இதுல எது எனக்கு தோதுப்படும், நீங்களே ஒரு விரல வைங்க"ன்னான். நானும் கண்ணாடிய மாட்டிக்கிட்டு அந்த அட்டவணைய மேலருந்து கீழ வரைக்கும் பாத்தேன், எல்லாக் கட்டத்துலயும் மாசத் தவணை இருக்கு, ஆனா கடைசில மொத்தமா எவ்வளவு கட்டி முடிப்போம்னு ஒரு கட்டம் கூட இல்ல. அதுக்காகத்தான் இந்தக் கடிதம்.

நான் மண்டபத்துல 26 வருசமா ஐஸ் கம்பெனி கணக்கு எழுதுறவன், பேங்க் வேலையெல்லாம் பாத்தது இல்ல. ஆனா கடனும் பாக்கியும் என் பேரேட்டுல ஓடாத நாள் கிடையாது, அதனால வட்டிக் கணக்கு கொஞ்சம் கைக்கு வரும்.

மாப்ள போட்டு எஞ்சின் மெக்கானிக். வேதாளைப் பக்கம் அவன் தாத்தா வழி இடம் கொஞ்சம் இருக்கு, பட்டா இப்பத்தான் அவன் பேருக்கு மாறி வந்துச்சு. அதுல மாடி போட்டு ஒரு வீடு, அதுக்கு 15 லட்சம் கடன். பேங்க்ல சம்பளச் சீட்டு கேட்டாங்க, ஐ.டி. ரிட்டர்ன் கேட்டாங்க, இவன்கிட்ட ரெண்டும் கிடையாது, போட்டுக்காரங்க கையில குடுக்குற ரொக்கம்தான் வருமானம். ஒரு ஹவுசிங் பைனான்ஸ்ல தர்றேன்னுட்டாங்க, 13 பர்சென்ட், 20 வருசம், மாசம் 17,574. "நூத்துக்கு ஒரு ரூபா சொச்சம்தானே மாமா வருது, இங்க கடக்கரைல 3 வட்டிக்கும் 5 வட்டிக்கும் வாங்கித்தானே எல்லாரும் ஓட்டுறோம், இது எவ்வளவோ பரவாயில்ல"ங்குறான்.

இந்த எடத்துலதான் சார் நம்ம ஆளுங்க எல்லாரும் வழுக்கி விழுறது. வட்டின்னா நமக்கு நூத்துக்கு மாசம் எவ்வளவுன்னுதான் மனசுல பதிஞ்சுருக்கு, ஏன்னா கைமாத்தும் நகைக்கடனும் ஒரு சீசன்ல, மிஞ்சிப்போனா ரெண்டு சீசன்ல முடிஞ்சுரும். 3 வட்டிக்கு வாங்குன 50 ஆயிரத்த இறால் பாடு நல்லா இருந்தா 4 மாசத்துல அடைச்சுருவான், வட்டி 6 ஆயிரத்தோட போச்சு. இது அப்படி இல்ல, 240 மாசம். வட்டி ஒரு ரூபாதான், ஆனா அந்த ஒரு ரூபா 20 வருசம் நம்ம வீட்டுத் திண்ணையிலயே உக்காந்து சாப்புட்டுக்கிட்டு இருக்கும்.

கால்குலேட்டர எடுத்து அவன் முன்னாடியே தட்டுனேன். 17,574ஐ 240ஆல பெருக்குனா 42 லட்சத்து 17 ஆயிரம் சொச்சம். 15 லட்சம் வாங்கி 27 லட்சத்துக்கு மேல வட்டி. மாப்ள கால்குலேட்டர வாங்கி அவனே ஒரு தடவ தட்டிப் பாத்தான், அப்புறம் போன்ல ஒரு தடவ.

இதவிட அவனுக்கு உறைச்சது முதல் தவணைக் கணக்குதான். 15 லட்சத்துக்கு 13 பர்சென்ட்னா முதல் மாச வட்டி மட்டும் 16,250. கட்டுறது 17,574. அசல்ல கழியுறது 1,324 ரூபா. அவனுக்குப் புரியுற மாதிரி சொன்னேன், "கடல்லயே தங்கி மீன் புடிக்கப் போற போட்டுல ஐஸ் ஏத்துறோம்ல, வெயில்ல கரைஞ்சது போக மிச்சம்தானே மீனுக்கு, அதே மாதிரிடா, நீ கட்டுறதுல வட்டியா கரைஞ்சது போக மிச்சம்தான் அசலுக்கு". 5 வருசம் ஒரு மாசம் கூட தவறாம கட்டுறான்னு வைங்க, 10 லட்சத்து 54 ஆயிரம் கட்டிருப்பான், அப்ப அசல் பாக்கி எவ்வளவுன்னு கேட்டா 13 லட்சத்து 89 ஆயிரம்னு வரும். அஞ்சு வருசத்துல அசல் கொறைஞ்சது 1 லட்சத்து 11 ஆயிரம். நிறைய பேர் அஞ்சாறு வருசம் கழிச்சு கடன முடிச்சுரலாம்னு ஆபீசுக்குப் போயி "நான் இவ்வளவு கட்டிருக்கேனே"ன்னு சண்ட போடுறது இதனாலதான், அங்க இருக்குற பொண்ணும் என்ன பண்ணும் பாவம், கம்ப்யூட்டர்ல இருக்குறத காட்டும்.

பேங்க்ல கிடைச்சா கணக்கு வேற, அதையும் சொல்லணும். அதே 15 லட்சம் அதே 20 வருசம் 8.5 பர்சென்ட்ல கிடைச்சுருந்தா மாசம் 13,017, மொத்தம் 31 லட்சத்து 24 ஆயிரம். ரெண்டுக்கும் வித்தியாசம் கிட்டத்தட்ட 11 லட்சம், சம்பளச் சீட்டு இல்லாத குத்தத்துக்கு. நாலஞ்சு வருசம் முன்னாடியே வருமானத்த பேங்க் வழியா வாங்கி ரிட்டர்ன் போட்டு வச்சிருந்தா ஒருவேள பேங்க்காரங்க காது குடுத்து கேட்டுருப்பாங்க. இத அவன்கிட்ட இப்ப சொல்லி என்ன பிரயோசனம், அவன் தம்பிகிட்ட சொல்லிருக்கேன்.

இப்ப என் கதை. ஊருக்கு உபதேசம் பண்றவன் தன் வீட்டுல கோட்ட விட்ட கதை.

2021 ஜூன்ல நானும் என் வீட்டம்மாவும் சேந்து 15 லட்சம் வீட்டுக்கடன் பேங்க்ல வாங்குனோம். அவுக அரசுப் பள்ளிக்கூட டீச்சர், 2036ல ரிட்டயர்மெண்ட், அதனால 15 வருசத்துல முடியுற மாதிரி கணக்குப் பண்ணி வாங்குனது. அப்ப வட்டி 7 பர்சென்ட், தவணை 13,482, மொத்தம் 180 தவணை. 2020 மே மாசத்துலருந்து ரிசர்வ் பேங்க் ரெப்போ வட்டிய, அதாவது மத்த பேங்குகளுக்கு அது கடன் குடுக்குற வட்டிய, 4 பர்சென்ட்லயே வச்சிருந்த நேரம் அது, எல்லாரும் இப்ப வாங்குனாத்தான் வாங்குனதுன்னாங்க. 2022 மே மாசம் ஏத்த ஆரம்பிச்சாங்க பாருங்க, 4.40, 4.90, 5.40, 5.90, 6.25ன்னு போயி 2023 பிப்ரவரில 6.50ல நின்னுச்சு. பத்து மாசத்துக்குள்ள ரெண்டரை பர்சென்ட். டிவில பாத்தோம், பேப்பர்ல படிச்சோம், ஆனா மாசாமாசம் அக்கவுண்ட்லருந்து போறது அதே 13,482தான், ஒரு ரூபா கூடல, அதனால நமக்கு ஒண்ணும் ஆகலன்னு நிம்மதியா இருந்துட்டேன். கணக்கப்பிள்ளைன்னு பேரு வேற.

ஏப்ரல் 15லருந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், போட்டெல்லாம் கரையேறி நிக்கும், ஐஸ் கம்பெனில ஈ ஓட்டுற வேலதான். அந்த 2023 தடைக்காலத்துல பொழுது போகாமத்தான் கடன் ஸ்டேட்மெண்ட டவுன்லோடு பண்ணிப் பாத்தேன். மார்ச் வரைக்கும் 21 தவணை கட்டியாச்சு, மிச்சம் 159 இருக்கணும். 225ன்னு இருக்கு! வாங்கும்போதே 180தான், 21 கட்டுனதுக்கப்புறம் 225. பிரிண்ட்ல தப்புன்னு நெனச்சு மறுபடி டவுன்லோடு பண்ணேன், அதேதான். தவணைய ஏத்தாம காலத்த நீட்டிட்டாங்க, 2041 டிசம்பர் வரைக்கும், டீச்சரம்மா ரிட்டயர் ஆகி அஞ்சு வருசம் கழிச்சு வரைக்கும். வீட்டுல சொல்லவே எனக்கு ரெண்டு நாள் ஆச்சு.

கிளைக்குப் போனா, வட்டி ஏறுனா சிஸ்டமே காலத்த நீட்டிரும் சார், தவணைய ஏத்தணும்னா நீங்கதான் எழுதிக் குடுக்கணும்னாங்க. எஸ்.எம்.எஸ். வந்துருக்குமாம். வந்துருக்கலாம், லோன் வேணுமா லோன் வேணுமான்னு வர்ற நூறு எஸ்.எம்.எஸ்.க்கு நடுவுல எத படிக்கிறது. அங்கயே உக்காந்து கணக்குப் போட்டோம், அசல் பாக்கி 14 லட்சத்து 13 ஆயிரம், வட்டி 9.5, பழைய தேதியிலயே முடியணும்னா தவணை 15,654. மாசம் 2,172 ரூபா கூட. அத கட்டுனா மொத்தத்துல மிச்சமாகுறது 5 லட்சத்து 37 ஆயிரம் சொச்சம். ஒரு சீட்ட நிறுத்திட்டு அன்னைக்கே எழுதிக் குடுத்துட்டு வந்தேன்.

அதே வருசம் ஆகஸ்ட்ல ரிசர்வ் பேங்க்கே ஒரு உத்தரவு போட்டுச்சு, வட்டி மாறும்போது தவணைய ஏத்தவா, காலத்த நீட்டவா, ரெண்டையும் கொஞ்சம் கொஞ்சமாவான்னு கடன் வாங்குனவன்கிட்ட கேக்கணும், நிலையான வட்டிக்கு மாற வழி குடுக்கணும் (2025 அக்டோபர்லருந்து இது மட்டும் கடன் குடுக்குறவங்க இஷ்டம்னு மாத்திட்டாங்க), மூணு மாசத்துக்கு ஒரு தடவ எவ்வளவு அசல் போயிருக்கு எத்தன தவணை மிச்சம்னு ஸ்டேட்மெண்ட் குடுக்கணும்னு. உத்தரவு இருக்கு, ஆனா கேட்டு வாங்குறவங்க எங்க ஊர்ல எத்தன பேருன்னு எனக்குத் தெரியல, இந்தக் கடிதம் படிக்கிறவங்க யாரா இருந்தாலும் முதல்ல மிச்சத் தவணை எத்தனன்னு பாருங்க. 2025ல ரெப்போ இறங்கி டிசம்பர்ல 5.25க்கு வந்துச்சு, என் வட்டியும் இறங்குச்சு, ஆனா நான் தவணைய இறக்கல, 15,654ஏ போகட்டும்னு விட்ருக்கேன், 2036க்கு முன்னாடியே முடியும். மாப்ள வாங்கப் போற ஹவுசிங் பைனான்ஸ்ல இப்படி வட்டி தானா இறங்குமான்னு உறுதி கிடையாது, பேங்க் வீட்டுக்கடன்தான் 2019 அக்டோபர்லருந்து ரெப்போ மாதிரி வெளி அளவோட கட்டிருக்கு, பைனான்ஸ் கம்பெனிக்கு அவங்க சொந்த அளவு, ஏத்தும்போது சீக்கிரம் ஏறும், இறங்கும்போது நாமதான் போயி நிக்கணும்.

எங்க முதலாளி மகன் மேல்படிப்பு படிச்சவர், அவர் ஒரு நியாயம் சொன்னாரு. "அண்ணே, 20 வருசம் கழிச்சு 17 ஆயிரம்ங்கிறது இன்னைக்கு 5 ஆயிரம் மாதிரி, விலைவாசில கரைஞ்சுரும், நீங்க சும்மா 42 லட்சம் 42 லட்சம்னு பயமுறுத்தாதீங்க"ன்னு. அது உண்மைதான், நான் மறுக்கல. ஆனா அது வருசா வருசம் அகவிலைப்படி ஏறுற டீச்சரம்மாவுக்குப் பொருந்தும். மீன்பாட நம்பி இருக்குறவனுக்கு வருமானம் அப்படி ஏறுறது இல்ல, டீசல்தான் ஏறுது. பாடு இல்லன்னா எஞ்சின் வேல பாத்த காசு கூட பாக்கில நிக்கும். தடைக்காலத்து ரெண்டு மாசத்துக்கு அரசு நிவாரணம் 8 ஆயிரம், 2023ல இங்க மண்டபத்துல நடந்த மீனவர் மாநாட்டுலதான் 5 ஆயிரத்தலருந்து ஏத்தி அறிவிச்சாங்க, நல்லதுதான். அதுவும் மீனவக் குடும்பத்துக்குத்தான், மெக்கானிக்குக்கு கிடையாது. அந்த ரெண்டு மாசத் தவணை மட்டும் 35,148. தவணைக்கு தடைக்காலம் தெரியாது, வாடைக்காத்து தெரியாது, 5ஆம் தேதின்னா 5ஆம் தேதி எடுப்பான், அக்கவுண்ட்ல இல்லன்னா பவுன்ஸ் சார்ஜ் பேங்க்ல ஒண்ணு பைனான்ஸ்ல ஒண்ணுன்னு ரெண்டு பக்கமும் புடிப்பாங்க.

சில்லறைச் செலவும் இருக்கு, அத யாரும் சொல்றது இல்ல. பிராசசிங் ஃபீஸ், அதுக்கு மேல 18 பர்சென்ட் ஜி.எஸ்.டி., வக்கீல் ஒப்பீனியன், இன்ஜினியர் மதிப்பீடு, பத்திரத்த ஒப்படைச்சதுக்கு எம்.ஓ.டி. பதிவு. மனையோ வீடோ விலைக்கு வாங்குறவங்களுக்கு முத்திரைத்தாள் 7, பதிவுக் கட்டணம் 2ன்னு 9 பர்சென்ட் தனி, அதுக்கு பெரும்பாலும் லோன் தரமாட்டாங்க, நகைய வச்சுத்தான் கட்டணும், அப்ப வீட்டுக்கடனோட நகைக்கடனும் ஓடும். மாப்ளகிட்ட இன்சூரன்ஸ் 60 ஆயிரம், கடன்லயே சேத்துக்கலாம் கையிலருந்து தர வேண்டாம்னு சொல்லிருக்காங்க. கையிலருந்து தர வேண்டாம்னதும் இவனுக்கு சந்தோசம். அந்த 60 ஆயிரமும் 13 பர்சென்ட்ல 20 வருசம் ஓடுனா 1 லட்சத்து 68 ஆயிரம் கிட்ட வரும்டான்னேன். கடனுக்கு ஒரு ஆயுள் காப்பீடு வேணும்னுதான் நானும் சொல்வேன், குறிப்பா கடல்ல தொழில் பண்றவனுக்கு, ஆனா அத வருசாவருசம் கட்டுற டேர்ம் பாலிசியா தனியா போட்டுக்கலாம், அவங்க நீட்டுறத்தான் வாங்கணும்னு சட்டம் கிடையாது. வரிச்சலுகைன்னு ஒண்ணு சொல்வாங்க, அது பழைய முறையில வட்டிக்கு வருசம் 2 லட்சம் வரைக்கும், புது முறையில நாம குடியிருக்குற வீட்டு வட்டிக்கு ஒண்ணும் இல்ல, மாப்ளைக்கு வரியே வராது, அதனால அத விட்ருவோம்.

அப்புறம் உப்பு. வெளியூர்ல உக்காந்து அட்டவணை போடுறவங்களுக்கு இது தெரியாது சார். இங்க கடன் முடியுறதுக்குள்ள வீடு ஒரு தடவ கை நீட்டிரும். என் வீடு கட்டி நாலு வருசம் முடியல, கடல் பக்கத்து சன்ஷேடுல கோடு விட ஆரம்பிச்சிருச்சு, தட்டுனா டொக்கு டொக்குன்னு சத்தம் வருது. உப்பு உள்ள போயி கம்பி துருப்புடிச்சா துரு கம்பிய விட அதிக எடம் கேக்கும், கான்கிரீட்ட உள்ளருந்தே பிதுக்கித் தள்ளிரும், அப்புறம் மேல எத்தன பூச்சு பூசினாலும் நிக்காது, உடைச்சு கம்பிய சுத்தம் பண்ணித்தான் கட்டணும். கொத்தனார் ஒரு வாரம் லாரித் தண்ணி வரலன்னு போர் தண்ணியிலயே கலவை போட்டாரு, உப்புத் தண்ணின்னு தெரியும், நானும் வேல நிக்க வேண்டாம்னு பேசாம இருந்தேன், அந்த லாரித் தண்ணிக் காசு மிச்சம் பண்ணதுக்கு இப்ப வட்டியோட கட்டுறேன். எங்க அப்பா காலத்துல ஓலையும் பனங்கையும் போட்ட வீடு, ரெண்டு மூணு வருசத்துக்கு ஒரு தடவ ஓல மாத்துவாங்க, அந்தச் செலவு எல்லாருக்கும் தெரிஞ்ச செலவு, முன்கூட்டியே எடுத்து வைப்பாங்க. கான்கிரீட் வீட்டுக்கு செலவே வராதுன்னு நெனச்சுத்தான் நாம தவணைய கழுத்து வரைக்கும் ஏத்திக்கிறோம். 20 வருசக் கடன்ல பத்தாவது பன்னெண்டாவது வருசம் ஒரு பெரிய ரிப்பேர் இங்க நிச்சயம், அப்ப அசல்ல பாதி கூட போயிருக்காது, ரிப்பேருக்கு இன்னொரு கடன்.

மாப்ள இதெல்லாம் கேட்டுட்டு, அப்ப வீடே கட்ட வேண்டாங்குறீங்களான்னு கோவப்பட்டான். அவன் கோவமும் நியாயம்தான், வாடகை வீட்டுல ரெண்டு புள்ளைகளோட மழையில ஒழுகுற எடத்துல இருக்குறவன். கட்ட வேண்டாம்னு சொல்லல, மாடிய விட்ருன்னேன். ஹால், சமையக்கட்டு, ஒரு ரூம், அதுக்கு 10 லட்சம், 12 வருசம், தவணை 13,746, மொத்தம் 19 லட்சத்து 80 ஆயிரம் கிட்ட. 42 லட்சம் எங்க, இது எங்க. மாடி பிறகு பாத்துக்கலாம், தூணுக்கு கம்பிய விட்டு வைக்கணும்னா நுனியில சிமெண்ட் கலவைய பூசி மூடி வை, திறந்து விட்டீனா உப்புக்காத்துல அதுவும் போச்சு.

இன்னொண்ணும் சொன்னேன், இது அவனுக்கு ரொம்பப் பிடிச்சுப் போச்சு. மாறும் வட்டில தனி ஆள் வாங்குற வீட்டுக்கடன முன்னாடியே கட்டுனா அபராதம் வாங்கக் கூடாது, பேங்கா இருந்தாலும் பைனான்ஸ் கம்பெனியா இருந்தாலும். நிலையான வட்டின்னா மட்டும் கேட்டுக்கணும். அந்த 15 லட்சக் கடனையே எடுத்துக்குவோம், முதல் வருசம் முடிஞ்சதும், தடைக்காலம் முடிஞ்சு போட்டெல்லாம் எறங்கி நல்ல பாடு வர்ற நேரத்துல, ஒரே ஒரு தடவ 50 ஆயிரம் அசல்ல கட்டிட்டு தவணைய மாத்தாம விட்டா கடைசில 28 தவணை காணாமப் போயிருது, 4 லட்சத்து 90 ஆயிரம் ரூபா. அதே 50 ஆயிரத்த 15வது வருசம் கட்டுனா இந்த அளவுக்கு வராது, ஆரம்பத்துல கட்டுறதுலதான் விசயம் இருக்கு. கட்டும்போது "தவணைய குறைக்காதீங்க, காலத்த குறைங்க"ன்னு எழுதிக் குடுத்து கையெழுத்து வாங்கிட்டு வரணும்.

கையெழுத்துப் போடுறதுக்கு முன்னாடி முக்கிய விவர அறிக்கைய கேளுன்னும் சொல்லி அனுப்புனேன். 2024 அக்டோபர்லருந்து புதுக் கடனுக்கு அத கட்டாயம் குடுக்கணும், கடன் வாங்குறவனுக்குப் புரியுற மொழியில, ஃபீஸ் இன்சூரன்ஸ் எல்லாம் சேத்து வருச வட்டி உண்மையில எவ்வளவு, மாசாமாசம் எவ்வளவு அசல் போகும்னு அட்டவணையோட. பாத்து முடிவு பண்ண குறைஞ்சது 3 வேல நாள் டைம் உண்டு. அவன் போயி தமிழ்ல வேணும்னு கேட்ருக்கான், அந்தாளு ஒரு மாதிரி பாத்துட்டு தர்றேன்னுருக்காரு, இன்னும் வரல. வந்ததும் எங்கிட்ட கொண்டு வருவான்.

ஆசிரியர் ஐயா, உங்ககிட்ட கேக்குறது ஒண்ணே ஒண்ணுதான். அடுத்த தடவ அந்த இணைப்பு வரும்போது மாசத் தவணைக்குப் பக்கத்துல இன்னும் ரெண்டு கட்டம் போடுங்க, ஒண்ணு கடைசி வரைக்கும் கட்டுற மொத்தத் தொகை, இன்னொண்ணு அஞ்சு வருசம் கழிச்சு அசல் பாக்கி எவ்வளவுன்னு. விளம்பரம் குடுக்குறவங்க முகம் சுளிப்பாங்கன்னு எனக்கும் தெரியும், எடம் பத்தலன்னா அந்த மாடி வீட்டுப் படத்த கொஞ்சம் சின்னதாக்கிக்கலாம். கணக்குப் போட ஆள் இல்லன்னு மட்டும் சொல்லிராதீங்க, தடைக்காலத்துல எனக்கு வேல கம்மிதான், நானே போட்டு அனுப்பி வைக்கிறேன்.

இப்படிக்கு,
ஐஸ் கம்பெனி கணக்கு எழுதுறவன்,
மண்டபம், ராமநாதபுரம் மாவட்டம்.